உலக்கை பிடிக்க வந்த மகள்

1

இந்த வருஷத் தொடக்கத்தில் எங்கள் பஸ் டிப்போவின் தேநீர் அறையில் குந்தியிருந்தபோது, என்னோடு வேலை செய்யும் பஞ்சாபிக்காரர் தன் காதில் இருந்த குமிழைக் கழற்றி என் காதில் செருகினார். "உன் மகள் பேசுகிறாள், கேள்" என்றார்.

கேட்டேன். நயோமியின் குரல்தான். "நான் ஒரு கறுப்புப் பெண். பர்மிங்ஹாமில் பிறந்தவள். என் அம்மாவின் பெற்றோர் ஜமைக்காவிலிருந்து வந்தவர்கள்." அடுத்த வசனம் என்னைப் பற்றி இருக்கும் என்று தேநீரைக் குடிக்காமல் காத்திருந்தேன். அடுத்த வசனம் தலைமயிரைப் பற்றி இருந்தது. அதற்கடுத்த வசனமும் தலைமயிர்தான். நிகழ்ச்சி முடியும்வரை தலைமயிர்.

மகளின் வேலையை ஊருக்கு விளங்கப்படுத்துவது கஷ்டம். இன்றைய சினிமா, பாட்டு, உடுப்பு, விளம்பரம் என்று எல்லாவற்றிலும் இனமும் நிறமும் எப்படி வந்து உட்கார்ந்திருக்கின்றன என்று நிகழ்ச்சிகள் செய்கிறாள். எழுதுவது அவள். ஆட்களைத் தேடிப் பிடித்துப் பேசவைப்பது அவள். வெட்டி ஒட்டித் தயாரிப்பதும் அவள். மட்டக்களப்பில் இருக்கும் என் அக்காவுக்கு ஒருமுறை போனில் சொல்லிப் பார்த்தேன்.

"றேடியோவில பாட்டுப் போடுறதா மனே?"

"இல்லக்கா. தோல் நிறத்தால ஆக்கள் படுற கஷ்டத்தச் சொல்லுற வேலை."

"அதுக்குச் சம்பளமும் குடுக்கிறாங்களா?"

"ஓம்."

"அப்ப நம்மட ஊரில எத்தினை பேருக்கு உத்தியோகம் கிடைக்கும்" என்றாள் அக்கா.

அன்று பின்னேரம் நயோமி வீட்டுக்கு வந்தபோது நேரடியாகவே கேட்டேன். "எனக்கு ஒரு பகுதி இல்லையா?"

"அப்பா, எத்தனை தடவை உங்கள் முன்னால் ஒலிவாங்கியை வைத்திருக்கிறேன்? 'அப்ப பிரச்சினை இருந்தது, மறுகா வெளிக்கிட்டன்' என்று சொல்லிவிட்டு எழுந்து போய்விடுவீர்கள். அதை வைத்து நான் என்ன செய்ய?"

என் மனைவி ஷெரில் சோபாவில் காலை நீட்டிக்கொண்டிருந்தாள். முழங்கால் சத்திரசிகிச்சை செய்து கொஞ்ச நாள்தான். "அவர் என்னிடமும் அவ்வளவுதான் சொன்னார். நான் அதை நம்பிக் கலியாணமே செய்தேன்" என்றாள்.

2

உண்மையில் சொல்வதற்கு அவ்வளவுதான் இருக்கிறது. எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடம் நின்றது. நான் நிறுத்தினேனா, பள்ளிக்கூடம் நின்றதா என்று கேட்டால் இரண்டும்தான். அந்தக் காலத்தில் எங்கள் பக்கத்துப் பொடியன்கள் ஒவ்வொருவரும் ஏதாவது ஒரு திசையில் போனார்கள். நான் எல்லாத் திசையிலும் போனேன். பொலன்னறுவையில் லொறிக்கு மூட்டை ஏற்றினேன். கத்தாரில் தண்ணீர் பவுசர் ஓட்டினேன். சைப்பிரஸில் ஆடு பார்த்தேன். இத்தாலியில் ஒரு குளிர்காலம் முழுக்கத் தக்காளிப் பெட்டிகள் அடுக்கும் கொட்டிலில் படுத்தேன். பசித்த நாட்களும் உண்டு, பிடிபட்டு உள்ளே இருந்த நாட்களும் உண்டு. பர்மிங்ஹாமில் வந்து நின்றதற்குக் காரணம் அந்த ஊர் அல்ல. அங்கே ஷெரில் பஸ் ஓட்டிக்கொண்டிருந்தாள்.

என் ஆங்கிலம் முழுவதும் அவளிடமும் அவளுடைய அம்மாவிடமும் கற்றது. அதனால் நான் வாய் திறந்தால் ஜமைக்காக்காரன் மாதிரி இருக்கும். கலியாண வீடுகளில் சந்திக்கும் யாழ்ப்பாணத்து நண்பர்கள், "அண்ணை, கொஞ்சம் இங்கிலிஷ் கதையுங்கோ" என்று கேட்டு வாங்கிச் சிரிப்பார்கள். ஒருமுறை என் குரலைப் போனில் கேட்டிருந்த ஆஸ்பத்திரித் தாதி, நான் நேரில் போனபோது என்னைத் தாண்டி என் பின்னால் யாரையோ தேடினாள்.

இன்னொரு மாற்றமும் நடந்தது. என் அப்பாவின் பெயர் தங்கராசா. இங்கே வந்த இடத்தில் அது குடும்பப் பெயராகிவிட்டது. நான் மிஸ்டர் தங்கராசா, ஷெரில் மிஸிஸ் தங்கராசா, மகள் நயோமி தங்கராசா. ஊரில் அந்த மனிதரை ஆட்கள் அவ்வளவு தேடியதில்லை. இங்கே வங்கியிலும் டிப்போவிலும் பல் வைத்தியரிடமும் நாள் முழுக்க அவரைக் கூப்பிடுகிறார்கள். அரசாங்கப் படிவங்களில் இனம் என்ற பகுதியில் மகளுக்கு 'கலப்பு' என்ற பெட்டியில் கோடு போடவேண்டும். அதற்குள் 'ஏனையது' என்று இன்னொரு பெட்டி. ஏனையது என்பது நான். வருஷக்கணக்காக நானே கோடு போட்டுக் கொடுத்திருக்கிறேன்.

இதையெல்லாம் சொல்வது, பின்னால் நான் விட்ட பிழை எப்படி வந்தது என்று விளங்குவதற்காக. பிள்ளை தகப்பன் பெயரில் போகும் என்பது இத்தனை வருஷத்தில் எனக்குள் ஊறிப்போய்விட்டது. மட்டக்களப்பான் ஒருவனுக்கு அது ஊறக்கூடாது.

3

ஷெரிலோடும் மகளோடும் பேசிய அந்தக் கிழமையே அக்காவுக்குப் போன் எடுத்தேன். வைகாசியில் எங்கள் அம்மன் கோயில் சடங்கு. அதில் ஒவ்வொரு நாளும் ஒரு குடிக்கு உரியது. எங்கள் குடியின் நாளில், எங்கள் குடிப் பெண்கள் கோயிலடியில் புதுநெல்லை உரலில் இட்டுக் குத்துவார்கள். அந்த அரிசியில்தான் பொங்கல்.

"அக்கா, இந்த முறை நயோமியக் கூட்டிக்கொண்டு வாறன். நம்மட குடி நாளில அவளும் நெல்லுக் குத்தட்டும்."

அக்கா ஒன்றும் பேசவில்லை. லைன் போய்விட்டதென்று நினைத்தேன். பிறகு, "வா மனே, வந்து சேருங்க முதல்ல" என்றாள்.

மகளிடம் சொன்னேன். "இது உன் சொந்த ஆட்கள் செய்கிற சடங்கு. உலக்கையைப் பிடித்தால் நீயும் எங்கள் ஆள். இதை உன் நிகழ்ச்சியில் போடு." அவளுக்குக் கண் விரிந்தது. கருவிகளையெல்லாம் பையில் அடுக்கத் தொடங்கிவிட்டாள். எனக்கு வேண்டியது ஒன்றுதான். என் மகள் ஒரு தடவையாவது எங்கேயாவது என் பக்கத்து ஆளாக நிற்கவேண்டும்.

குடி பற்றி வெளியூர் வாசகர்களுக்கு இரண்டு வரி. எங்கள் பக்கத்தில் ஒரு பிள்ளை தாயின் குடி. தகப்பன் குடி அல்ல. குடிக்குள் இருக்கும் கிளையை வயிற்றுவார் என்போம். ஒரே வயிற்று வழி வந்தவர்கள் என்று அர்த்தம். ஒரே குடிக்குள் கலியாணம் கிடையாது. வீடு மகளுக்குப் போகும், மாப்பிள்ளை அந்த வீட்டுக்குப் போவான். காத்தான்குடி, ஏறாவூர் முஸ்லிம்களிடமும் இதே வழிதான். எங்கள் குடியின் பெயரை இங்கே எழுதவில்லை. எழுதினால் யாராவது ஒருவர் போன் எடுத்து, அந்தப் பெயரை நான் எழுதிய விதம் பிழை என்று சண்டைக்கு வருவார்.

இப்போது என் பிழை உங்களுக்கு விளங்கியிருக்கும். எனக்கு அப்போது விளங்கவில்லை.

4

முழங்கால் ஆறாத ஷெரிலைப் பர்மிங்ஹாமில் விட்டுவிட்டு, வைகாசியில் நானும் மகளும் மட்டக்களப்பு பஸ் நிலையத்தில் வந்து இறங்கி முச்சக்கர வண்டி பிடித்தோம். ஓட்டியவர் காத்தான்குடிக்காரர். கண்ணாடியில் நயோமியைப் பார்த்துக்கொண்டே கல்லடிப் பாலத்தில் ஏறினார். அவள் வலதுபக்கம் வாவியைப் பார்த்துக்கொண்டு, சத்தத்தைப் பதிவு செய்ய ஒலிவாங்கியை வெளியே நீட்டியிருந்தாள்.

"நாநா, இது ஆரு?"

"என்ட மகள்."

"மெய்தானா? அப்ப மகள்ட உம்மா எந்த ஊர்?"

"ஜமைக்கா."

"அது கத்தாருக்குப் பக்கத்திலயா?"

"இல்ல, மறுபக்கம். கிரிக்கெட் விளையாடுறாங்களே."

அவர் வண்டியை ஓரங்கட்டி நிறுத்தி, கிறுகி, நயோமிக்குக் கை கொடுத்தார். பந்து வீச்சாளர்கள் பலருடைய பெயர்களைச் சொல்லி, இவர்களில் யார் சொந்தம் என்று கேட்டார். நயோமி யாருமில்லை என்றதும் கவலைப்பட்டார். ஆனாலும் வாடகையில் கொஞ்சம் குறைத்தார்.

அக்கா வீட்டில் சனம் நிறைந்திருந்தது. அக்கா நயோமியின் முகத்தை இரண்டு கையாலும் பிடித்து, இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தாள். "மூக்கு நம்மட அம்மாட மூக்கு. மிச்சம் தாய்ட" என்று தீர்ப்புச் சொன்னாள். பக்கத்து வீட்டுப் பூமணியக்கா வெற்றிலையை மென்றுகொண்டு, "வெள்ளைக்காரியக் கட்டியிருப்பான் எண்டு நினைச்சம். பிள்ளை நம்மள விடக் கறுப்பு கா" என்றாள்.

பூமணியக்காவின் நிறம் என் சப்பாத்தின் நிறம். எனக்குக் கோபம் ஏறிவிட்டது. ஏதோ சொல்ல வாயெடுத்தேன். நயோமி முந்திக்கொண்டு தன் கையை அவளுடைய கைக்குப் பக்கத்தில் வைத்தாள். "அக்கா, பாருங்க. ஒண்டுதான்" என்றாள், நான் பழக்கிய தமிழில்.

பூமணியக்கா இரண்டு கைகளையும் உற்றுப் பார்த்தாள். "உனக்குக் குளிர் நாட்டில இருந்தே இவ்வளவு. இஞ்ச ஒரு மாசம் இருந்தாய் எண்டா என்னை வெண்டிருவாய்." நயோமி விழுந்து விழுந்து சிரித்தாள். இதைப் பதிவு செய்யத் தவறிவிட்டேன் என்று அன்று முழுக்கக் கவலைப்பட்டதும் அவள்தான்.

5

எங்கள் குடி நாள் காலையில் கோயிலடிக்குப் போனோம். வெளிவீதியில் பந்தல் போட்டு உரல்கள் வைத்திருந்தார்கள். பெண்கள் முழுகி, ஈரத் தலையோடு வந்து நின்றார்கள். நயோமி அக்காவின் சேலையில் இருந்தாள். ஒரு கையில் ஒலிவாங்கி, தலையில் பெரிய காதுக்கருவி.

வண்ணக்கர் வந்தார். கோயில் காரியங்களுக்குப் பொறுப்பானவரை அப்படித்தான் சொல்வோம். எங்கள் கோயில் வண்ணக்கர் சிவலிங்கம், என் மாமாவின் மகன். எனக்கு மச்சான் முறை. சின்ன வயதில் வாவியில் ஒன்றாக இறால் பிடித்தவன். என்னைக் கண்டதும் கட்டிப்பிடித்தான். மகளைப் பார்த்துக் கும்பிட்டான். பிறகு ஒவ்வொரு வருஷமும் எல்லாப் பெண்களிடமும் கேட்கிற கேள்வியைச் சாதாரணமாகக் கேட்டான்.

"பிள்ளை எந்த வயிற்றுவார்?"

"என்ட மகள்டா" என்றேன்.

"அது தெரியும் மச்சான். தாய் ஆர்?"

அப்போதுதான் எனக்கு விளங்கியது. அக்காவைப் பார்த்தேன். அவள் சேலைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டிருந்தாள். போனில் அன்று ஏன் பேசாமல் இருந்தாள் என்றும் அப்போதுதான் விளங்கியது.

ஆனால் விட்டுக்கொடுக்க மனம் வரவில்லை. "சிவலிங்கம், இவ்வளவு தூரம் கூட்டிக்கொண்டு வந்திருக்கன். பிறப்பு அத்தாட்சியில தகப்பன் எண்டு என்ட பேர்தான் இரிக்கு."

"அதக் கவுண்மேந்துக் கச்சேரியில காட்டு. அம்மாளுக்கு ஏன்?"

"நான் தகப்பன்டா."

"லண்டனில நீ தகப்பன். இஞ்ச நீ தாய்மாமன். உன்ட அக்காட மகள் குத்துறாள், அவளுக்குப் பின்னால போய் நில்லு. அது உன்ட இடம்."

பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். நான் குரலை உயர்த்தினேன். ஊருக்கு அனுப்பிய காசு, கோயிலுக்குத் தந்த மணி என்று சொல்லக்கூடாததெல்லாம் சொல்லத் தொடங்கினேன். நயோமி காதுக்கருவியைக் கழற்றிவிட்டு என் கையைப் பிடித்தாள். என்ன நடக்கிறது என்று கேட்டாள். சொன்னேன். நீ என் மகள்தான், ஆனால் என் ஆள் இல்லையாம், தாயின் ஆளாம் என்றேன்.

அவள் அழுவாள் என்று நினைத்தேன். அவள் முகம் வேறு மாதிரி இருந்தது.

"அப்பா, இங்கிலாந்தில் எல்லாரும் உங்களைப் பற்றித்தான் கேட்பார்கள். 'பெயர் தங்கராசாவா? அது எங்கே? தகப்பன் எந்த நாடு?' அம்மாவைப் பற்றி யாரும் கேட்டதில்லை. என்னைப் பார்த்தவுடனே அம்மாவைத் தெரிந்துவிட்டது என்று நினைத்துவிடுவார்கள். இவர்தான் முதல் தடவையாகக் கேட்கிறார்." வண்ணக்கரிடம் திரும்பி, "மாமா, என்ட அம்மா ஷெரில்" என்றாள்.

"ஷெரில்ட தாய்?"

"வயலட்."

"வயலட்ட தாய்?"

அவளுக்குத் தெரியவில்லை. போனை எடுத்துத் தாயைக் கூப்பிட்டு, எல்லாருக்கும் கேட்கும்படி வைத்தாள். பர்மிங்ஹாமில் விடிந்து கொஞ்ச நேரம். ஷெரில் தூக்கக் குரலில், யாருக்கு என்ன நடந்தது என்று கேட்டாள். ஒன்றும் நடக்கவில்லை, உன் அம்மம்மா யாரென்று கோயிலில் கேட்கிறார்கள் என்றேன்.

"ஐசில்டா" என்றாள் ஷெரில். பிறகு தூக்கம் கலைந்து, "ஐசில்டா. சந்தையில் கிழங்கு விற்றவள். ஒன்பது பிள்ளை பெற்றவள். ஏன்?"

"அவளுடைய தாய்?"

"அதற்கு மேல் தெரியாது. அதற்கு முதல் இருந்தவர்களுக்குப் பெயர் வைத்தது தோட்டத்து முதலாளி. அந்தப் பெயர்கள் எனக்கு வேண்டாம் என்று சொல்."

அதை நான் பந்தலுக்குத் தமிழில் சொன்னேன். "அதுக்கு முதல் இருந்த ஆக்கள ஆப்பிரிக்காவில பிடிச்சு, கப்பலில ஏத்திக் கொண்டுபோய் வித்தவங்க. பேரையும் மாத்திப் போட்டாங்க."

பூமணியக்கா வெற்றிலை மெல்வதை நிறுத்தினாள். அக்காதான் பேசினாள். "நமக்கு மட்டும் அம்மம்மாட தாய்க்கு அங்கால தெரியுமா? ஒருத்தரும் விக்காமலே நமக்குத் தெரியாது."

சிவலிங்கம் நெற்றியைத் தடவிக்கொண்டு யோசித்தான். "தாய்வழி சரியா வருகுது. குடி எண்டு சொல்ல அது காணும். ஆனா உலக்கை உங்கட குடிப் பெண்டுகளுக்குத்தான். அத என்னால மாத்த ஏலா மச்சான். நான் மாத்தினா நாளைக்கு ஊர் என்னை மாத்தும்."

"அப்ப புடைக்கட்டும்" என்றாள் அக்கா. "குத்தின அரிசியப் புடைக்கச் சம்பந்திக் குடி வரலாம்தானே? என்ட தம்பியக் குடுத்த குடி, சம்பந்திதானே?"

சிவலிங்கம் அக்காவைப் பார்த்தான். அக்கா வேறு எங்கோ பார்த்தாள். இதை அவள் அன்று போனிலேயே யோசித்து வைத்திருந்தாள் என்று நான் சத்தியம் செய்வேன்.

"வரலாம்" என்றான்.

நயோமியின் கையில் சுளகைக் கொடுத்தார்கள். அவள் புடைத்ததில் உமி சுளகில் நின்றது, அரிசி பறந்தது. சுற்றி நின்ற கோழிகளுக்கு அன்று அம்மன் அருள். பூமணியக்கா பின்னால் நின்று அவளுடைய மணிக்கட்டைப் பிடித்து ஆட்டிக் காட்டினாள். கொஞ்ச நேரத்தில் உமி பறக்கத் தொடங்கியது. போன் இன்னும் வெட்டப்படவில்லை. ஒரு பெண் அதை உரலுக்குப் பக்கத்தில் பெட்டியில் சாத்தி வைத்திருந்தாள். "அது என்ன சத்தம்?" என்று ஷெரில் கேட்டுக்கொண்டே இருந்தாள்.

நான் அக்காவின் மகளுக்குப் பின்னால், என் இடத்தில் நின்றேன்.

6

பொங்கல் முடிந்து, குடிகளுக்குக் காளாஞ்சி கொடுக்கும் நேரம். தட்டில் வெற்றிலை பாக்கு வைத்து, குடியின் பெயரை ஒலிபெருக்கியில் சொல்லிக் கூப்பிட்டுக் கொடுக்கிற மரியாதை அது. எங்கள் குடியைக் கூப்பிட்டார்கள். மற்றக் குடிகளைக் கூப்பிட்டார்கள். பிறகு ஒலிபெருக்கி கரகரத்தது. சிவலிங்கம் தொண்டையைச் செருமுவது வாவிக்கு அந்தப் பக்கமும் கேட்டிருக்கும்.

"ஐசில்டா குடி" என்றான்.

மகள் நடந்து போனாள். குடிக்கு ஒரு ஆம்பிளை வாங்குவதுதான் வழக்கம், ஆனால் அந்தக் குடியில் அன்று அங்கே நின்றது அவள் மட்டும்தான். எனக்குக் கால் முன்னுக்குப் போகப் பார்த்தது. அக்கா என் சால்வையைப் பிடித்து நிறுத்தினாள். "நீ அங்க மருமகன். பேசாம நில்லு."

பேசாமல் நின்றேன். கிழங்கு விற்ற ஒரு பெண்ணின் பெயர் எங்கள் கோயில் ஒலிபெருக்கியில் போனதை நினைக்க நெஞ்சு நிறைந்தது. என் பெயர் போகவில்லை என்பதும் கொஞ்சம் நெஞ்சில்தான் இருந்தது. இரண்டும் ஒரே இடத்தில் இருந்தன. மகள் வெற்றிலைத் தட்டோடு திரும்பி வந்து ஷெரிலை வீடியோவில் கூப்பிட்டுக் காட்டினாள். ஷெரில் கண்ணைத் துடைத்துவிட்டு, இதைச் சாப்பிடுவதா, பூசுவதா என்று கேட்டாள்.

பந்தலில் இலை போட்டுச் சாப்பிடும்போது பூமணியக்கா நயோமிக்குப் பக்கத்தில் வந்து குந்தினாள். காலையில் இருந்த பகிடி அவள் முகத்தில் இல்லை. காரியமாக வந்திருந்தாள்.

"மகள், உங்கட குடியில கலியாணம் முடிக்காத பொடியன் ஆராவது இரிக்கானா? என்ட பேத்தி ரீச்சரா இரிக்கிறாள். இஞ்ச உள்ள குடியெல்லாம் ஒண்டில் அண்ணன் முறை, இல்லாட்டிச் சண்டை."

நயோமி விளங்காமல் என்னைப் பார்த்தாள். சொன்னேன். அவள் சோற்றுக் கையோடு போனைத் திருப்பித் தாயிடம் கேட்டாள். ஷெரில் யோசித்துவிட்டு, தன் தங்கையின் மகன் லியோன் இருக்கிறான், ஆனால் சாப்பிட்ட கோப்பையைக்கூடக் கழுவமாட்டான் என்றாள்.

அதைத் தமிழில் சொன்னேன்.

"அது பரவாயில்ல, இஞ்சயும் கழுவிற பொடியன் இல்ல" என்றாள் பூமணியக்கா. "என்ன வேலை?"

"கார் திருத்துறவன்."

"குடிப்பானா?"

அதையும் ஆங்கிலத்தில் சொன்னேன். ஷெரில் சொன்ன பதிலைத் தமிழில் சொன்னேன். பூமணியக்கா அடுத்த கேள்வியைக் கேட்டாள். லியோனின் உயரம், தாயின் குணம், பெண்ணுக்கு வீடு எழுதுவது யார் என்று பேச்சு வாவிக்கும் பர்மிங்ஹாமுக்கும் இடையில் போய்வந்து கொண்டிருந்தது. சுற்றியிருந்த பெண்களும் கேள்விகள் எடுத்துக் கொடுத்தார்கள். நயோமி ஒலிவாங்கியைச் சோற்று இலைக்கு மேலே பிடித்தபடி எல்லாவற்றையும் பதிவு செய்தாள். என்னிடம் அபிப்பிராயம் கேட்க ஒருவருக்கும் தோன்றவில்லை. சம்பந்தம் பேசுவது இரண்டு குடிகள். நான் இலையில் கை காயக் காய, ஒரு பக்கம் சொன்னதை மறுபக்கத்துக்குச் சொல்லிக்கொண்டிருந்தேன்.